பொரியல் என்றால் முட்டைக்கோஸ் இல்லை

யாழ்ப்பாணத் தீவகத்துக் கடலுணவுப் பொரியல்கள் பற்றிச் சென்ற இதழில் எழுதியதற்கு வந்த கடிதங்களில் சில.

கேள்வி: அக்கா, நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு ஆசையாகக் கணவாய் பொரியல் செய்தேன். கடுகு, உளுந்து தாளித்து, கணவாயைப் போட்டு மூடி வேகவைத்து, கடைசியில் தேங்காய்த் துருவல் தூவினேன். அரை மணி நேரம் வெந்தும் செருப்பு மாதிரி இருந்தது. எங்கே தப்பு?
– ஒரு வாசகி, திருநெல்வேலி

பதில்: தப்பு என்னுடையது. எங்கள் பக்கம் பொரியல் என்றால் எண்ணெயில் பொரித்து எடுப்பது. நீங்கள் முட்டைக்கோஸிலும் பீன்ஸிலும் செய்வதற்கு நாங்கள் வறை என்று சொல்வோம். உங்களுக்குப் புரிகிற மாதிரி 'கணவாய் வறுவல்' என்று எழுதியிருக்க வேண்டும். தேங்காய்ப்பூ போட்ட கணவாயை நினைத்து ஒரு நாள் முழுக்கச் சிரித்தேன், அதற்கும் மன்னித்துக்கொள்ளுங்கள்.

கணவாய் இரண்டு நேரத்தில்தான் மெத்தென்று இருக்கும். ஒன்று, தீயில் பட்ட முதல் இரண்டு நிமிடத்துக்குள். அதை விட்டால் முக்கால் மணி நேரத்துக்கு மேல் குழம்பில் கிடந்து வெந்த பிறகு. நீங்கள் நிறுத்திய அரை மணி நேரம் நட்டாற்றில் நின்ற கதை.

அரைக் கிலோ கணவாய் வாங்குங்கள். தலையை இழுத்தால் குடலும் மைப்பையும் கூடவே வந்துவிடும். உள்ளே கண்ணாடி மாதிரி ஒரு முள் இருக்கும், அதை உருவிவிட்டுத் தோலை உரியுங்கள். கண்களைக் கட்டாயம் வெட்டி எறியுங்கள். விரல் அகல வளையங்களாக நறுக்கிக் கழுவிய பிறகு காய வைக்க வேண்டும், இதைத்தான் எல்லோரும் விட்டுவிடுகிறார்கள். வேலணையில் அம்மா சுளகில் கணவாயைப் பரப்பி, மேலே பழைய வேட்டித் துண்டைப் போட்டு, திண்ணை நிழலில் அரை மணி நேரம் வைப்பா. பனைமட்டையோடு பக்கத்தில் உட்கார்ந்து காகம் கலைப்பது என் வேலை. இப்போது எனக்குக் காகமும் இல்லை, திண்ணையும் இல்லை. துணி விரித்த தட்டில் பரப்பி, மூடாமல் பிரிட்ஜில் அரை மணி நேரம் வைக்கிறேன். வேலை அதே மாதிரி நடக்கிறது.

அடுப்பில் எண்ணெய் காய்ந்த பிறகுதான் கணவாயில் தூள் பிரட்ட வேண்டும். இரண்டு தேக்கரண்டி யாழ்ப்பாணக் கறித்தூள், அரைத் தேக்கரண்டி மஞ்சள், அரைத் தேக்கரண்டி உப்பு, ஒரு மேசைக்கரண்டி அரிசிமா. முதல் நாள் இரவே ஊறவைத்தால் ருசி ஏறும் என்று சிலர் சொல்கிறார்கள். ஏறாது. உப்பு தண்ணீரை இழுத்துக்கொண்டு வந்து காலையில் சட்டியில் குளம் கட்டி நிற்கும். காய வைத்ததெல்லாம் வீண்.

கறித்தூள் இல்லையென்றால் 10 வற்றல் மிளகாய், 4 மேசைக்கரண்டி மல்லி, ஒவ்வொரு தேக்கரண்டி சோம்பு, சீரகம், மிளகு, கால் தேக்கரண்டி வெந்தயம், ஒரு கைப்பிடி கறிவேப்பிலை. தனித்தனியே கருகாமல் வறுத்து அரையுங்கள். வறுத்த தூள் என்பதில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. இரண்டே நிமிடம் பொரிகிற பொருளில் வறுக்காத மிளகாய்த்தூளைப் போட்டால் பச்சை வாசம் போவதற்குள் கணவாய் ரப்பராகிவிடும்.

தேங்காய் எண்ணெயில் மூன்று தடவையாகப் பொரியுங்கள். மொத்தமாகக் கொட்டினால் எண்ணெய் ஆறி, கணவாய் தண்ணீர் விட்டு, பொரியல் அவியலாகும். எல்லாம் எடுத்த பிறகு அதே தாச்சியில் (வாணலியில்) இரண்டு கரண்டி எண்ணெயை மட்டும் விட்டு, சின்ன வெங்காயம், கீறிய பச்சை மிளகாய், கறிவேப்பிலை வதக்கி, கணவாயைக் கொட்டி ஒரு பிரட்டு. இறக்கிய பிறகு எலுமிச்சை. நாங்கள் தேசிக்காய் என்போம். தேங்காய்த் துருவல் வேண்டாம்!

கேள்வி: கணவாய் பொரிக்கும்போது எண்ணெய் வெடித்து முகமெல்லாம் தெறிக்கிறது. மூடி போட்டுப் பொரிக்கலாமா?
– ஒரு வாசகி, வெள்ளவத்தை

பதில்: என் இடது மணிக்கட்டில் ஒரு ரூபாய்க் குற்றி அளவில் ஒரு தழும்பு இருக்கிறது. கல்யாணமான புதிதில் கொழும்பு வீட்டில் கண் வெட்டாத தலையை அப்படியே எண்ணெயில் போட்ட அன்று வந்தது. கண்ணுக்குள் இருக்கிற நீர்தான் வெடிகுண்டு. கால்களின் மடிப்பிலும் தண்ணீர் ஒளிந்திருக்கும், அதைத் துணியால் ஒற்றி எடுங்கள்.

மூடி வேண்டாம். ஆவி மூடியில் முட்டித் திரும்ப எண்ணெயில் சொட்டினால் இன்னும் கூத்து. மா அரிக்கிற கம்பி அரிதட்டைத் தாச்சி மேல் கவிழ்த்து வையுங்கள். ஆவி போகும், எண்ணெய் தெறிக்காது. கம்பி அரிதட்டு என்று சொன்னேன், பிளாஸ்டிக் விளிம்பு உள்ளதை வைத்துவிட்டு எனக்குக் கடிதம் எழுதாதீர்கள்.

கேள்வி: கொழும்பு காலிமுகத்திடலில் சின்ன வயதில் சாப்பிட்ட றால் (இறால்) வடையை இங்கே செய்து பார்க்கிறேன். ஒவ்வொரு முறையும் வடை ஒரு பக்கம், றால் ஒரு பக்கம்.
– ஒரு வாசகர், ரொறன்ரோ

பதில்: அந்தத் திடல் 1859இல் ஆளுநர் ஹென்றி வார்ட் காலத்தில் அமைந்தது, கொழும்பின் பெண்களும் குழந்தைகளும் காற்று வாங்க வேண்டும் என்று. இன்று அங்கே போகிறவர்களில் பாதிப் பேர் வடைக்காகத்தான் போகிறார்கள் என்பது என் அபிப்பிராயம்.

உங்கள் பருப்பு ஈரமாக இருக்கிறது, றாலும் ஈரமாக இருக்கிறது. ஈரமும் ஈரமும் ஒட்டாது. கால் கிலோ கடலைப்பருப்பை இரண்டு மணி நேரம் மட்டும் ஊறவைத்து, அரிதட்டில் கால் மணி நேரம் வடிய விடுங்கள். பாதியை மையாகவும் பாதியைக் கொரகொரப்பாகவும் அரைத்துக்கொள்ளுங்கள். தண்ணீர் ஒரு சொட்டுக்கூடச் சேர்க்க வேண்டாம். வெங்காயம், பச்சை மிளகாய், பெருஞ்சீரகம், கறிவேப்பிலை, உப்பு.

றால் சின்னதாக, கோதும் (ஓடும்) தலையுமாக இருக்க வேண்டும். பெரிய றாலைப் போட்டால் பருப்பு கருகும்போதுகூட அது வெந்திருக்காது. மீசையையும் தலையில் நீட்டிக்கொண்டிருக்கிற முள்ளையும் கத்தரித்துவிடுங்கள். உங்கள் ஊரில் ஐஸ் கட்டியாகத்தான் கிடைக்கும். முதல் நாள் இரவே பிரிட்ஜின் கீழ்த்தட்டுக்கு மாற்றி இளக விடுங்கள், சுடுநீரில் போடாதீர்கள். துடைத்து, உப்பும் மிளகாய்த்தூளும் தொட்டு, அரிசிமாவில் ஒரு புரட்டு. அந்த மாதான் பசை.

வடையை மெல்லிசாகத் தட்டி, மேலே இரண்டு மூன்று றாலைப் பாதி புதைகிற அளவுக்கு அழுத்துங்கள். றால் மேலே பார்க்க எண்ணெயில் வழுக்கி விடுங்கள். உடனே புரட்டக் கூடாது. கரண்டியால் சூடான எண்ணெயை அள்ளி றாலின் தலையில் ஊற்றிக்கொண்டே இருங்கள். அது சிவந்து பருப்போடு ஒட்டியதும் ஒரே ஒரு முறை புரட்டுங்கள்.

ஒரு விஷயம். திடலில் வண்டிக்காரர் தருவது பெரும்பாலும் பொரித்து அடுக்கி ஆறிப்போன வடை. உங்களுடையது மொறுமொறுவென்று வந்துவிட்டால் 'அந்த ருசி இல்லையே' என்று வருத்தப்பட வேண்டாம், ஒரு மணி நேரம் ஆற விட்டுச் சாப்பிட்டுப் பாருங்கள்.

கேள்வி: என் மகனுக்கு இறால் சாப்பிட்டால் உதடு தடித்து, உடம்பெல்லாம் அரிக்கிறது. நன்றாகப் பொரித்துக் கொடுத்தால் ஒத்துக்கொள்ளுமா?
– ஒரு தாய், திருச்சி

பதில்: கொடுக்காதீர்கள் அம்மா. ஒவ்வாமை தருகிற புரதம் சூட்டில் அழியாது, எவ்வளவு பொரித்தாலும் அப்படியே இருக்கும். இறாலுக்கு ஆகாதவர்களுக்கு நண்டும் ஆகாமல் போகலாம். இறால் பொரித்த எண்ணெயில் அவனுக்கு அப்பளம்கூடப் பொரிக்காதீர்கள். ஒவ்வாமை பார்க்கிற மருத்துவரிடம் காட்டுங்கள். மூச்சு முட்டினால் ஒரு நிமிடம்கூடத் தாமதிக்காமல் ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள்.

கேள்வி: ஹொட் பட்டர் கட்டில்ஃபிஷ் வீட்டில் வருமா?
– ஒரு வாசகர், லண்டன்

பதில்: வரும். ஆனால் அது அம்மாமார் சமையல் இல்லை, இலங்கையின் சீனச் சாப்பாட்டுக் கடைகளில் பிறந்தது. சோளமாவும் கோதுமை மாவும் சம அளவு கலந்து கணவாயைப் புரட்டிப் பொரித்து வைத்துக்கொள்ளுங்கள். வேறு சட்டியில் பட்டர், உள்ளி (பூண்டு), இடித்த செத்தல் (வற்றல்) மிளகாய், கறிமிளகாய் (காரம் குறைந்த பெரிய மிளகாய்), வெங்காயத்தாள். பட்டர் பழுப்பாவதற்குள் கணவாயைக் கொட்டி அரை நிமிடம் பிரட்டி இறக்குங்கள். சோஸ் ஊற்றாதீர்கள், மாப்பூச்சு நமுத்துவிடும்.

கேள்வி: நண்டைப் பொரிக்கலாமா? வாங்கும்போது சதை இருக்கிறதா என்று எப்படித் தெரியும்?
– ஒரு வாசகர், நாகர்கோவில்

பதில்: முழு நண்டை எண்ணெயில் போடுவது எனக்குப் பிடிக்காது. ஓடு கருகும், சதை வறளும். பிரட்டல் செய்யுங்கள். வெட்டிய நண்டில் உப்பு, மஞ்சள், கறித்தூள் போட்டு, தண்ணீர் ஊற்றாமல் மூடிவிடுங்கள். அதன் தண்ணீரிலேயே பத்து நிமிடத்தில் வெந்துவிடும். பிறகு மூடியை எடுத்து, நல்லெண்ணெய் விட்டு, தூள் ஓட்டில் ஒட்டிக் காயும்வரை பிரட்டுங்கள்.

வாங்கும்போது கையில் தூக்கிப் பாருங்கள், அளவுக்கு மீறிக் கனக்க வேண்டும். அடிவயிற்றில் கால் தொடங்குகிற இடத்தைப் பெருவிரலால் அழுத்துங்கள். அமுங்கினால் புதிதாக ஓடு மாற்றிய நண்டு, உள்ளே தண்ணீர்தான். நிலவு நாளில் நண்டு வாங்காதே என்று எங்கள் ஊர் மீன்காரி சொல்வா. ஆனால் நிலவு நாளிலும் கூடையோடு அவதான் படலையில் வந்து நிற்பா, அம்மாவும் பெருவிரலை நீட்டிக்கொண்டு போவா.