காலக்கப்பலில் எத்தனை கடிகாரம்?

காலத்தில் முன்னும் பின்னும் போகும் வணிகக் கப்பல்களை வைத்துக் கதை எழுதும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகள் இம்மாதம்.

கே: என் தொடரில் 'காலக்கலம்' என்று ஒரு கப்பல் வகை. கி.பி. 50க்குப் போய், சேரர் துறைமுகமான முசிறியில் 200 டன் மிளகு ஏற்றி வருகிறது. எங்கே இடிக்கும்?
– கோவில்பட்டி வாசகர்

ப: உங்கள் கப்பல் முசிறியில் இறங்காது, பிலிப்பைன்ஸின் பலவான் தீவுப் பக்கம் போய் இறங்கும். எஞ்சின் மேல் தப்பில்லை, கடிகாரம்தான் காரணம். நிலவு எழுப்பும் ஓதம் (கடலின் ஏற்றவற்றம்) பிரேக் பிடிப்பதால் பூமியின் சுழற்சி மெல்லத் தளர்கிறது. ஒரு நூற்றாண்டில் நாளின் நீளம் கூடுவது 2 மில்லி விநாடிக்கும் குறைவு. கேட்க அற்பம்தான். ஆனால் தினமும் விழும் பாக்கி சேர்ந்துகொண்டே போய், 2,000 ஆண்டில் சுமார் 10,000 விநாடி ஆகிவிடுகிறது. பூமி ஒரு பாகை சுழல 240 விநாடி ஆகும், எனவே விநாடியை 240ஆல் வகுத்தால் பாகை: ஏறத்தாழ 42. முசிறியின் தீர்க்கரேகை கிழக்கு 76. அதோடு 42ஐக் கூட்டி வரைபடத்தைப் பாருங்கள்.

இது வெறும் ஊகமல்ல. கி.மு. 136 ஏப்ரல் 15இல் பாபிலோனில் முழுச் சூரிய கிரகணம் தெரிந்ததைக் களிமண் பலகையில் எழுதி வைத்திருக்கிறார்கள். பூமி என்றும் ஒரே வேகத்தில் சுற்றியதாக வைத்துக்கொண்டால் அந்த நிழல் கிட்டத்தட்ட 49 பாகை மேற்கே தள்ளி விழுந்திருக்க வேண்டும்.

ஆகவே மாலுமி அறையில் அணுக் கடிகாரம் ஒன்று, பூமியின் சுழற்சிக் கணக்கு ஒன்று, இரண்டும் தனித்தனியே ஓட வேண்டும். அப்போதும் துல்லியம் வராது. ஒரு நிமிடப் பிழை கால் பாகை. முசிறியின் அட்சரேகையில் அது 27 கி.மீ. கரையிலிருந்து நன்றாகத் தள்ளி அரபிக்கடலில் வெளிப்பட்டு, உச்சிவெயிலில் சூரியனை அளந்து, அதன்பின் கரை நோக்கி வருவதே புத்திசாலித்தனம். மாதத்தையும் கவனியுங்கள். எகிப்திலிருந்து ஜூலை வாக்கில் கிளம்பிய கப்பல்கள் தென்மேற்குப் பருவக்காற்றில் வந்தன. வடகிழக்குக் காற்று பிடித்ததும் டிசம்பர், ஜனவரியில் திரும்பின. மே மாதத்தில் ஒரு 'யவனக் கப்பல்' துறையில் நின்றால் ஊரே வேடிக்கை பார்க்கும்.

கே: அந்த மிளகுக்கு எதைக் கொடுப்பது? தங்க பிஸ்கட் போதாதா?
– காரைக்கால் வாசகி

ப: 'பொன்னொடு வந்து கறியொடு பெயரும்' என்று அகநானூறே சொல்வதால் பொன் செல்லும். ஆனால் முத்திரையில்லாத கட்டியைவிட நாணயமே கேள்வியில்லாமல் கைமாறும். நாணயத்தில்தான் ஆண்டு மாட்டிக்கொள்ளும். கி.பி. 50க்கு ரோமப் பேரரசர் அகஸ்டஸ் அல்லது திபேரியஸ் முகம் போட்ட தெனாரியஸ் என்ற வெள்ளிக் காசு பாந்தமாக இருக்கும். டிராஜன் முகம் இருந்தால் கதை கெட்டது. அவர் பட்டத்துக்கு வந்ததே கி.பி. 98இல். எடையும் முக்கியம். ஒரு ரோம ராத்தல் வெள்ளியில் 84 காசு அடித்து வந்ததை நீரோ கி.பி. 64இல் 96 ஆக்கினார். வெள்ளியின் தரமும் குறைந்தது. புதிய காசைப் பழைய காலத்துக்குக் கொண்டுபோனால் தராசே காட்டிக்கொடுத்துவிடும்.

அளவையும் பாருங்கள். கருமிளகு ராத்தல் 4 தெனாரியஸ் என்று அக்கால ரோம எழுத்தாளர் பிளினி எழுதியிருப்பது ரோமாபுரி விலை. ஒரு ராத்தல் சுமார் 327 கிராம் என்றால், 200 டன்னுக்கு 24 லட்சம் காசுக்கு மேல், அதாவது ஒன்பதரை டன் வெள்ளி. முசிறியில் பாதி விலைக்குக் கிடைத்தாலும் 12 லட்சம் காசு வேண்டும். அத்தனையையும் ஒரே அச்சில் வார்த்தால் இரண்டு காசைச் சேர்த்துப் பார்க்கிறவன் கண்டுபிடித்துவிடுவான். நூற்றுக்கணக்கான அச்சு செய்து, அடித்த காசைத் தேய்த்து, சிலவற்றின் விளிம்பை நசுக்கிக் கொண்டுபோகச் சொல்லுங்கள்.

கே: என் கப்பல் எதிர்காலத்துக்கு மட்டும்தான் போகும். பக்கத்து நட்சத்திரமான ஆல்ஃபா சென்டாரிக்குச் சரக்கு. கடனுக்கு வட்டி எந்தக் கடிகாரப்படி?
– ஈரோடு வாசகர்

ப: அருமையான கேள்வி. இதற்குப் பொருளியல் அறிஞர் பால் குரூக்மன் 1978இலேயே, பாதி விளையாட்டாக, ஒரு கட்டுரை எழுதியிருக்கிறார். அவர் விடை: கோளின் கடிகாரம்.

உங்கள் கப்பல் பாதி வழி 1 ஜி முடுக்கத்தில் (பூமியின் ஈர்ப்பு அளவு) போய், மீதிப் பாதி அதே அளவில் வேகம் குறைப்பதாக வைப்போம். உச்ச வேகம் ஒளியின் வேகத்தில் 95 சதவீதம். அத்தனை வேகத்தில் கப்பலின் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பதால், 4.37 ஒளியாண்டைக் கடக்கப் பூமியில் 6 ஆண்டு, கப்பலில் 3.6 ஆண்டு. போய்வர 12, கப்பல்காரருக்கு 7.2தான். ஒரு லட்சத்துக்கு 8 சதவீதக் கூட்டு வட்டி போட்டால் கப்பல் கணக்கில் திருப்பித் தர வேண்டியது 1.74 லட்சம், பூமிக் கணக்கில் 2.52 லட்சம். கப்பல் கணக்கை ஏற்கிற லேவாதேவிக்காரர் எவரும் இருக்க மாட்டார். அதே பணத்தை ஊரிலேயே விட்டிருந்தால் 2.52 கையில் இருக்குமே. சம்பளம் வேறு விஷயம். மாலுமி உழைத்தது 7.2 ஆண்டு, அதைக் கப்பல் கடிகாரப்படி கொடுக்கலாம். சண்டைக்கு நல்ல இடம் இது, கதையில் விட்டுவிடாதீர்கள்.

எரிபொருளையும் மறக்க வேண்டாம். எரிபொருள் முழுவதையும் ஒளியாகவே உமிழும் கற்பனை எஞ்சினுக்குக்கூடப் புறப்படும்போதுள்ள எடை, போய்ச் சேரும் எடையைப்போல் ஏறத்தாழ 40 மடங்கு. அங்கே நிரப்பாமல் திரும்புவதென்றால் 1,600 மடங்கு. மிளகு ஏற்றினால் கட்டாது.

கே: புழுத்துளை வழியாகப் பின்னால் போக இயற்பியல் அனுமதிக்கிறதா?
– தஞ்சாவூர் வாசகர்

ப: புழுத்துளை என்பது வெளியின் இரண்டு இடங்களை இணைக்கும், இரு வாய் கொண்ட கற்பனைக் குறுக்குவழி. இயற்பியலாளர் கிப் தோர்னும் இரு சகாக்களும் 1988இல் வெளியிட்ட கணக்குப்படி, அதைத் திறந்தே வைத்திருக்க எதிர் ஆற்றல் (பூஜ்யத்துக்கும் கீழான ஆற்றல்) வேண்டும், ஒரு வாயை வேகமாக ஓட்டிக் கொண்டுவர வேண்டும். அப்படியே செய்தாலும் அது கால இயந்திரமாக மாறிய நாளுக்கு முன்னால் போக முடியாது. கோவில்பட்டிக்காரர் முசிறிக்குப் போக, அங்கே வேறு யாரோ ஏற்கெனவே ஒரு வாயைத் திறந்து வைத்திருக்க வேண்டும்.

கே: கப்பல் பதிவேட்டில் தேதியை எப்படி எழுதுவது?
– திருநெல்வேலி வாசகி

ப: ஜூலியன் நாள் எண்ணில் எழுதுங்கள். மாதம், ஆண்டு இல்லாமல் நாட்களை வரிசையாக எண்ணிக்கொண்டே போகும் வானியலாளர் கணக்கு அது. நாட்காட்டித் தேதியை நம்பினால், ஜூலியன் நாட்காட்டியிலிருந்து கிரெகோரியனுக்கு மாறிய 1582 அக்டோபர் 4க்கு மறுநாள் 15 ஆகிவிடும். நாள் எண்ணில் அது 2299160, 2299161 என்று ஒழுங்காக வரும். கி.மு. 1ஐ அடுத்து நேராக கி.பி. 1, நடுவில் பூஜ்ய ஆண்டு கிடையாது. இன்னொன்று, இந்த எண் மாறுவது நள்ளிரவில் அல்ல, நண்பகலில். காலையில் சரக்கு ஏற்றத் தொடங்கி மாலையில் முடித்தால் இரண்டு எண்ணையும் எழுதச் சொல்லுங்கள்.