ஊமைன்னு சொல்லாதீங்க

கேள்வி: ஷிமிஸு ஹிரோஷியோட 'துறைமுகத்து ஜப்பானியப் பெண்கள்' (1933) ஊமைப்படம் பாத்தேன். ஸ்கூல் யூனிஃபார்ம்ல வர்ற சுனாகோ பின்னாடி கிமோனோவுக்கு மாறிடறா. மரபா நவீனமான்னு நடக்குற சண்டையில கடைசியில மரபுதான் ஜெயிச்சுதா சார்?

பதில்: கிமோனோவுக்கு அப்புறம் வரேன், அந்த 'ஊமை'ங்குற வார்த்தையை முதல்ல எடுத்துடுங்க. இதை எத்தனையோ தடவை எழுதிட்டேன், இன்னும் எழுதுவேன். ஜப்பான்ல எந்தப் படமும் ஊமையா ஓடல, திரைக்குப் பக்கத்துல பென்ஷின்னு ஒருத்தர் நின்னு கதை சொல்லி, ஆம்பள பொம்பள கிழவன் குழந்தைன்னு எல்லார் குரலும் அவரே பேசுவார், படத்துல யாருன்னு பாக்காம இன்னிக்கு எந்த பென்ஷின்னு கேட்டு டிக்கெட் எடுத்த ஜனங்க உண்டு. அவங்க பொம்மலாட்டமான புன்ராகுல ஓரமா உக்காந்து எல்லா பொம்மைக்கும் ஒருத்தரே குரல் குடுப்பார் இல்லையா, அந்தப் பழக்கம்தான் இது. வெளிநாட்டு மெஷின் வந்து இறங்கினதும் மரபு அது பக்கத்துலயே போய் நின்னு பேச ஆரம்பிச்சுடுச்சு, முப்பது வருஷத்துக்கு மேல ரெண்டும் ஒண்ணாத்தான் பொழச்சுது. நீங்க சொல்ற சண்டை 1931ல ஷோசிக்கு கம்பெனி பேசும்படம் எடுத்த பிறகுதான் வந்துச்சு. வேலை போகுதுன்னு 1932ல பென்ஷிகள் ஸ்ட்ரைக் பண்ணாங்க, தோத்தாங்க. அதுல முன்னாடி நின்னவர் ஹெய்கோ, பிரபல ஜப்பானிய டைரக்டர் அகிரா குரோசவாவோட அண்ணன். தம்பிக்கு நல்ல நல்ல வெளிநாட்டுப் படமா காட்டிக் குடுத்தவரே அவர்தான். 1933ல, நீங்க பாத்த படம் வந்த அதே வருஷம், தற்கொலை பண்ணிக்கிட்டார். எனக்கு இது இன்னிக்கும் ஆறல.

இப்ப சுனாகோ. யோகோஹாமா மிஷன் ஸ்கூல்ல படிக்கிற வரைக்கும், அதாவது அவ கள்ளங்கபடம் இல்லாம இருந்த காலம் பூரா, மேல்நாட்டு உடுப்புதான். காதலன் ஹென்றியை இன்னொருத்தி இழுத்துக்கிட்டான்னு அவளை சர்ச்சுக்குள்ளயே துப்பாக்கியால சுட்டுட்டு ஓடி, பார்ல பொழப்பு நடத்தும்போதுதான் கிமோனோ வருது. அப்ப மரபு எங்க ஜெயிச்சுது? கிமோனோ கட்டினவ குடும்பப் பொண்ணு, கவுன் போட்டவ கெட்டவன்னு நாம வச்சிருக்குற கணக்கை ஷிமிஸு அப்படியே புரட்டிப் போட்டுட்டார். அந்தச் சுடுற இடத்துல கேமரா துண்டு துண்டா வெட்டி வெட்டி அவ முகத்துக்கிட்ட வருது பாருங்க, அந்த முகத்துல ஒரு சின்னப் பொண்ணு மட்டும்தான் இருக்கா, பழசும் இல்ல புதுசும் இல்ல.

சவாட்டோ மிடோரி மாதிரி சில பேர் இந்தக் காலத்துலயும் பென்ஷியா மேடை ஏறியிருக்காங்க. பென்ஷி குரலோட இருக்குற பிரிண்ட் கிடைச்சா இன்னொரு தடவை பாத்துட்டு எழுதுங்க, போடறேன்.