சாம்பிள் லைப்ரரியும் சிந்தசைசரும்: கேள்வி பதில்

கே: கான்டாக்ட் (பதிவு செய்த வாத்திய ஒலிகளான சாம்பிள்களைக் கணினியில் வாசிக்கும் மென்பொருள்) லைப்ரரியை யமஹா மோடெக்ஸ் சிந்தசைசரில் பென்டிரைவ் வழியாக ஏற்றலாமா சார்?

ப: முடியாது. மோடெக்ஸ் கான்டாக்டின் என்.கே.ஐ. கோப்பைப் படிக்காது. அதற்கு வேவ் ஒலிக்கோப்புகள் வேண்டும். விற்பனைக்கு வரும் லைப்ரரிகள் பலவும் அவற்றைப் பூட்டித்தான் தருகின்றன. மேலும், மோடெக்ஸில் நம் சாம்பிளுக்கு உள்ள இடம் 1 ஜிபி. லைப்ரரி லேப்டாப்பில் ஓடட்டும், கீபோர்டு மிடி கன்ட்ரோலராக, அதாவது எந்தக் கீயை அழுத்தினீர்கள் என்று லேப்டாப்புக்குச் சொல்வதாக மட்டும் இருக்கட்டும். யாரோ கொடுத்த எக்ஸ்8யூ கோப்பை (மோடெக்ஸின் யூசர் கோப்பு) ஏற்றுமுன் உங்கள் சொந்த ஒலிகள் இருக்கும் யூசர் பகுதியைச் சேமித்துவிடுங்கள். ஏற்றினால் பழையது அழிந்துவிடும். எக்ஸ்8எல் கோப்பு என்றால் பயமில்லை, அது தனி லைப்ரரியாக அமரும்.

கே: லேப்டாப்பில் லைப்ரரியை வாசித்தால், கீயை அழுத்திக் கொஞ்சம் கழித்துத்தான் சத்தம் வருகிறது.

ப: விண்டோஸ் என்றால் தாமதத்தைக் குறைக்கும் ஏசியோ டிரைவர் போடுங்கள். 44.1 கிலோஹெர்ட்ஸில் பஃபர் (ஒலியைச் சேர்த்துவைத்து அனுப்பும் அளவு) 1024 என்றால் தாமதம் 23 மில்லிசெகண்ட், 128 என்றால் 3-க்குள். படபடவென்று வெடித்தால் 256-க்கு ஏற்றுங்கள்.

கே: பழைய சாம்பிளரில் ஏற்றினால் எல்லாமே சுருதி இறங்கி ஒலிக்கிறது.

ப: 48 கிலோஹெர்ட்ஸ் கோப்பை அது 44.1-இல் ஓட்டுகிறது. ஏறக்குறைய ஒன்றரை செமிடோன் (அடுத்தடுத்த இரண்டு கீகளின் இடைவெளி ஒரு செமிடோன்) இறங்கும். கோப்பின் சாம்பிள் ரேட்டை முறைப்படி மாற்றிவிட்டு ஏற்றுங்கள்.

கே: வீணை சாம்பிள் நன்றாக இருக்கிறது. கமகம் மட்டும் பொம்மை மாதிரி இருக்கிறதே?

ப: நல்ல கேள்வி. முதலில் பெண்ட் ரேஞ்ச், அதாவது பிட்ச் வீலைத் தள்ளினால் சுருதி எத்தனை செமிடோன் நகரும் என்பது. கீபோர்டில் உள்ள ஒலிக்கு 12 வைத்துவிட்டு லைப்ரரியை 2-இல் விட்டிருப்பீர்கள். லைப்ரரிக்குள்ளேயே மாற்ற வேண்டும். ஆனால் 12 வேண்டாம். வீல் 7 பிட் மட்டுமே அனுப்பினால், மேலே 12, கீழே 12 என்று 24 செமிடோனுக்கு 128 படிதான். படிக்கு 19 சென்ட் (செமிடோனில் நூறில் ஒரு பங்கு ஒரு சென்ட்), வழுக்கிச் செல்லும் ஜாரு படிக்கட்டாகக் கேட்கும். 5 வைத்தால் படி 8 சென்டுக்குள் வரும். இன்னொரு காரணமும் உண்டு. நிஜ வீணையில் தந்தியை இழுத்தாலும் குடத்தின் அதிர்வு அதே இடத்தில் நிற்கும். சாம்பிளில் குடமும் சேர்ந்து ஏறும். அதிகம் இழுத்தால் கீச்சுக்குரல்தான். தந்தியை இழுத்தால் சுருதி ஏறும், இறங்காது. ஆகவே இறங்கும் பிடிக்கு (சுரக் கோர்வைக்கு) வீலை முன்பே மேலே தள்ளி வைத்து, மீட்டியபின் விடுங்கள். தாளத் தந்திகளை வேறு மிடி சேனலில் வையுங்கள். பெண்ட் சேனல் முழுவதையும் இழுக்கும்.

கே: இவ்வளவு பாடு எதற்கு? கமகத்தோடே பதிவு செய்த சாம்பிள் போதாதா?

ப: எந்த ராகத்துக் கமகம்? தோடிக்கும் கரகரப்ரியாவுக்கும் காந்தாரம் ஒரே கீதான். அசைவு ஒன்றா?

கே: ராகத்துக்கு ஒரு கீ-ஸ்விட்ச் (அழுத்தினால் சாம்பிளை மாற்றும் கீ) வைத்தால்?

ப: ராகம் சரியாகும், காலப்பிரமாணம்? பதிவான அசைவுக்கு ஒரு வேகம்தான். நீட்டினால் மீட்டொலி மழுங்கும். பின்னணியில் நாலு சுரம் வர அது தாராளம். ஆலாபனைக்கு ஆகாது.

கே: பின்னணிக்குத்தானே பாதிப் பேர் கேட்கிறார்கள்!

ப: அவர்களுக்கு அதுவே போதும், ஒத்துக்கொள்கிறேன். மேலே கேட்டவர் கமகத்தைக் கேட்டார்.

கே: சார், யமஹா மோன்டாஜில் கான்டாக்ட் ஏறுமா?

ப: முதல் கேள்விக்குச் சொன்ன பதில்தான். இடம் மட்டும் 1.75 ஜிபி.

கே: கோர்க் கீபோர்டில்?

ப: என்.கே.ஐ. அங்கேயும் ஏறாது. யூசர் பகுதியைச் சேமித்தீர்களா?