மண்புழுவுக்குக் கொடுவா கடிக்குமா?

மதிப்புக்குரிய சேர்,

எனக்கு ஊர் களுவாஞ்சிகுடி. பல்கலைக்கழகத்தில் ஊடகக் கற்கை படிக்கிறேன். உங்கள் செய்தி எழுதும் கைநூலை வகுப்பிலும், தூண்டில்காரர் துப்புத் துலக்கும் நாவல்களை பஸ்ஸிலும் வாசிப்பவள். கைநூலில் ‘முதல் வசனத்திலேயே விஷயத்தைச் சொல்லிவிடு’ என்கிறீர்கள். நாவலில் 200 பக்கம் போனாலும் வாய் திறப்பதில்லை. இதில் எது நீங்கள்? நாவல்களில் கொலைகாரன் தவறாமல் அகப்படுவதையும் நம்ப முடியவில்லை. இன்னொன்று, இரண்டாம் நாவலில் மண்புழு குத்திக் கொடுவா பிடிக்கும் இடத்தை அப்பாவுக்கு வாசித்துக் காட்டினேன். அவர் மட்டக்களப்பு வாவியில் மீன்பிடித் தொழில் செய்பவர். விழுந்து விழுந்து சிரித்தார்.

அன்புள்ள தங்கச்சி,

அப்பா சிரித்தது நியாயம். மண்புழுவுக்குக் கெளிறு வரும், யப்பான் மீன் வரும். கொடுவா இரை துரத்திப் பிடிக்கிற மீன். உயிரோடு துடிக்கிற இறாலோ சின்ன மீனோ கண்டால்தான் திரும்பும். அது எனக்கும் தெரியும். ஆனால் அந்த அத்தியாயத்தில் கதாநாயகனின் நகத்தில் சேறு இருக்க வேண்டியிருந்தது, துப்பே அதுதான். ஆகவே புழுக் கிண்ட விட்டேன். உங்கள் அப்பாவிடம் மாட்டிக்கொண்டேன்.

மற்றக் கேள்விக்கு ஒரு பழைய கதை சொல்ல வேண்டும். 1990களில், நான் நிருபராகச் சேர்ந்த புதிதில், வாவிக்கரையில் ஒரு சடலம் ஒதுங்கியது. ‘தூண்டில் போடச் சென்றவர் தவறி வீழ்ந்து மரணம்’ என்று நாலு வரி அனுப்பினேன். யார், என்ன, எங்கே, எப்போது, ஏன், எப்படி, ஆறுக்கும் அதில் விடை இருந்தது. மூன்றாம் நாள் அவருடைய மனைவி, பேப்பரை நாலாக மடித்துக் கையில் பிடித்தபடி என்னைத் தேடி வந்தார்.

“மனே, அவர்ர தூண்டில் தாழ்வாரத்திலதான் கிடக்கு. வந்து பாருங்க.”

போய்ப் பார்த்தேன். மூங்கில் தடி. தங்கூசி நூல் சுற்றியபடியே இருந்தது. தக்கையில் சிலந்தி வலை கட்டியிருந்தது. ‘ஏன்’, ‘எப்படி’ இரண்டையும் நான் யாரோ சொல்லக் கேட்டு எழுதியிருந்தேன். வெளியே வரும்போது ஒரு தோணிக்காரர், வாவி கடலோடு சேர்கிற முகத்துவாரம் மண்மூடிக் கிடக்கிற நாளில், ஓட்டமே இல்லாத தண்ணீரில் ஆள் இவ்வளவு தூரம் எப்படிப் போனார் என்று, என்னிடம் கேட்காத மாதிரிக் கேட்டார். அந்தக் காலத்தில் அதற்கு மேல் விசாரிக்க எனக்குத் துணிவு இருக்கவில்லை. திருத்தமும் அனுப்பவில்லை.

விடை தெரியாத ‘ஏன்’ஐ எழுதாமல் விடு என்று கைநூலில் ஒரு முழு அத்தியாயம் இருக்கிறதே, அது அந்தத் தாழ்வாரத்தில் படித்தது. முதல் நாவலும் அங்கிருந்துதான் வந்தது.

செய்தி வாசிப்பவருக்கு அவசரம். மாரி வெள்ளத்தில் எந்தப் பாதை மூடியிருக்கிறது என்பது அவருக்கு முதல் வரியிலேயே வேண்டும். கீழே வர வர முக்கியம் குறையும்; இடம் போதாவிட்டால் ஆசிரியர் அடியிலிருந்து வெட்டுவார். மர்மக் கதையை அடியிலிருந்து வெட்டிப் பாருங்கள், தெரியும். ஆனால் நான் எதையும் ஒளிப்பதில்லை. முதல் நாவலின் மூன்றாம் பக்கத்திலேயே அந்தத் தடி கிடக்கிறது. நீங்கள்தான் தாண்டிப் போயிருப்பீர்கள்.

கொலைகாரன் அகப்படுவது பற்றி: பத்திரிகையாளர் ஐயாத்துரை நடேசன் 2004 மே 31இல் இதே மட்டக்களப்பு நகரில் வேலைக்குப் போகிற வழியில் சுட்டுக் கொல்லப்பட்டார். ‘தராகி’ என்ற புனைபெயரில் எழுதிய மட்டக்களப்புப் பத்திரிகையாளர் சிவராம் 2005 ஏப்ரலில் கொழும்பில் கடத்திக் கொல்லப்பட்டார். இரண்டுக்கும் எவரும் தண்டிக்கப்படவில்லை. அதைச் செய்தியாக எத்தனையோ தடவை எழுதியாயிற்று. என் நாவலில் அவன் அகப்படுவது என்னுடைய பிடிவாதம். யதார்த்தம் என்று நான் வாதாட வரவில்லை.

தொழில்முறை எழுத்துப் பற்றிய என் மூன்றாவது வகை நூலை நீங்கள் குறிப்பிடவேயில்லை. ஒருவரும் குறிப்பிடுவதில்லை. பிரதேச செயலாளருக்கு மனு எழுதும் பக்கத்தை மட்டும் போட்டோக்கொப்பி எடுத்து ஊரெல்லாம் வைத்திருக்கிறார்கள்.

அடுத்த பதிப்பில் புழுவை எடுத்துவிட்டு உயிர் இறால் போடுகிறேன். சேற்றுக்கு வேறு வழி பார்க்க வேண்டும். இறாலைத் தலைப்பக்கம் குத்துவதா, வால்பக்கமா என்று அப்பாவிடம் கேட்டு எழுதுங்கள்.