திருநெல்வேலி மலைமேல் இருக்கிற மாஞ்சோலைத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து இப்போது மலையடிவாரத்துக்குக் கீழே குடியிருக்கிறேன். நான் எந்த ஊர்க்காரன் என்பதையே வைத்து ஆவணப்படம் எடுக்க என்ன கேமரா வாங்கலாம்?

கேமரா வேண்டாம், ஃபோன் போதும். "நல்ல லென்ஸ் இல்லாமல் படமா?" என்று கமென்டில் யாராவது வருவார்கள், வரட்டும். காசை மைக்கில் போடுங்கள். ஒன்றல்ல, இரண்டு.

சாதாரணப் பேட்டியில் கேட்பவர் குரலை வெட்டிவிடுவார்கள். தன்னைப் பற்றிய படத்தில் அது ஆகாது. "ஆச்சி, மலையை விட்டு இறங்கையில நான் அழுதேனா?" என்று கேட்கிற தொனியில்தான் நீங்கள் இருக்கிறீர்கள். அதனால் காலர் மைக் ஆச்சிக்கு ஒன்று, உங்களுக்கு ஒன்று. தனித்தனி டிராக், 48 கிலோஹெர்ட்ஸ் பதிவு, மீட்டரில் ஒலியின் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாமல். தாலிச் செயின் பக்கத்தில் மைக்கைக் குத்தினால் உரசல் விழும், எடிட்டில் போகாது. ஃபேன், ஃப்ரிட்ஜ் இரண்டையும் நிறுத்துங்கள். (வண்டிச் சாவியை ஃப்ரிட்ஜுக்குள் வைத்தால், ஃப்ரிட்ஜைத் திரும்ப ஆன் செய்ய மறக்காது.) ஃபேன் இல்லாமல் பகலில் யாரும் உட்கார மாட்டார்கள், காலை ஆறு மணிக்கே முடியுங்கள். பேச்சு முடிந்ததும் ஒரு நிமிடம் யாரும் அசையாமல் அறையின் சத்தத்தை மட்டும் பதியுங்கள். வெட்டிய இடத்தை ஒட்ட அது வேண்டும்.

ட்ரைபாடைக் கண்டதும் ஆச்சி மேடைத் தமிழுக்குப் போய்விடுவார். கையில் வேலை இருக்கட்டும்: கீரை உருவலாம், மடியில் சுளகு வைத்துப் பீடி சுற்றலாம்.

நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். 1/60 வைத்தால் டியூப்லைட் வெளிச்சம் அலையடிக்கும். பல ஃபோன்கள் ஃபிரேம் வேகத்தைத் தாமாக மாற்றுவதால் நீண்ட பேட்டியில் உதடும் குரலும் விலகும். தொடக்கத்தில் ஒரு கைதட்டு, முடிவில் ஒன்று. எவ்வளவு விலகியது என்று தெரிந்துவிடும்.

மாஞ்சோலை புலிகள் காப்பகத்துக்குள் இருக்கிறது, வனத்துறையிடம் எழுத்தில் அனுமதி கேளுங்கள். கிடைக்காவிட்டாலும் படம் நிற்காது, கதை வீட்டுத் தாள்களிலும் இருக்கிறது. 1929-இல் தொடங்கிய தோட்டத்தின் 99 ஆண்டுக் குத்தகை 2028 வரை. தோட்ட வேலையோ 2024-இலேயே நின்றுபோனது. வீட்டு டிரங்குப் பெட்டியில் சம்பளச் சீட்டு, பி.எஃப். தாள், லயன் வீட்டு (தோட்டத் தொழிலாளர் வரிசை வீடு) முகவரி போட்ட ரேஷன் கார்டு கிடக்கும். எல்லாவற்றையும் எடுங்கள். 4×6 அங்குல ஃபோட்டோவை 600 டிபிஐ-யில் (அங்குலத்துக்கு 600 புள்ளி) ஸ்கேன் செய்தால் 2400×3600 பிக்சல். 1080p (1920×1080 பிக்சல்) படத்தில் முகத்தருகே மெல்ல நெருங்கத் தாராளம். கண்ணாடியில் ஒட்டிப்போன படத்தைப் பிய்க்காதீர்கள், கண்ணாடியோடே ஸ்கேன் செய்யுங்கள்.

தாமிரபரணிக்கு மேல் ட்ரோன் மட்டும் வேண்டாம். திருநெல்வேலி என்றால் அரிவாள், அல்வா, வாக்கியத்துக்கு ஒரு "ஏலே" என்று சினிமா ஆக்கிவைத்தது போதாதா? இதை நீங்கள் கேட்கவில்லை, தெரியும். ஆனால் பின்னணிக் குரலை எழுதி வாசித்தால் உங்கள் பேச்சும் அதே போலி ஆகும். எடிட் முக்கால்வாசி முடிந்தபின், குறிப்பை மட்டும் வைத்துப் பேசிப் பதியுங்கள்.

மூன்று பிரதி வையுங்கள், ஒன்று வேறு ஊரில். 2023 டிசம்பர் வெள்ளம் தெருவுக்குள் வந்ததைப் பார்த்தவர்களுக்கு ஏன் என்று சொல்லத் தேவையில்லை.