கேம் ஆடும்போது யார் பேசுகிறார்கள் என்பதைத் திரையிலேயே பார்ப்பது எப்படி? டிஸ்கார்ட் ஓவர்லே ஆன் செய்தும் ஏன் வரவில்லை?

கேள்வியில் இருப்பது இதுதான்: விண்டோஸ் பிசி. ஆறு பேர் டிஸ்கார்ட் வாய்ஸில் சேர்ந்து ஆடுகிறீர்கள். இரண்டு பேர் குரல் ஒரே மாதிரி இருக்கிறது. "பின்னாடி வர்றான்டா" என்று கத்தினால் யாருக்குப் பின்னாடி என்று புரிவதற்குள் ஆள் காலி. ஓவர்லேயை, அதாவது யார் பேசுகிறார் என்ற பெயர்ப் பட்டியலைக் கேமின் மேலேயே காட்டும் வசதியை, ஆன் செய்தும் திரையில் ஒன்றும் தெரியவில்லை.

கேமுக்குள்ளேயே இருக்கும் வாய்ஸ் சேட்டில் இந்தத் தொல்லை குறைவு. பேசுகிறவர் பெயருக்குப் பக்கத்தில் ஸ்பீக்கர் படம் வரும்படி பெரும்பாலான கேம்களில் முதலிலேயே வைத்திருப்பார்கள். டிஸ்கார்ட் கேமுக்கு வெளியே ஓடும் தனி ஆப். அதன் பெயர்ப் பட்டியலைக் கேமின் மேல் கொண்டுவந்து ஒட்ட வேண்டும். ஒட்டுகிற இடத்தில்தான் எல்லாச் சிக்கலும்.

முதலில் செட்டிங்கைச் சரிபாருங்கள். டிஸ்கார்டில் இடது கீழ் மூலையில் உங்கள் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் பல்சக்கரத்தை அழுத்தி, பட்டியலில் 'கேம் ஓவர்லே' என்பதைத் திறந்து ஆன் செய்யுங்கள். பிரவுசரில் திறந்த டிஸ்கார்டில் இது கிடையாது, இன்ஸ்டால் செய்த ஆப்தான் வேண்டும். அடுத்து 'ரெஜிஸ்டர்டு கேம்ஸ்' பகுதிக்குப் போங்கள். கேம் ஓடிக்கொண்டிருக்கும்போதே ஆல்ட்+டேப் அடித்து இங்கே வந்து பார்ப்பது நல்லது. அந்தக் கேம் பட்டியலில் இருக்க வேண்டும், அதன் வரிசையில் இருக்கும் சின்ன மானிட்டர் படமும் ஆனில் இருக்க வேண்டும். கேமே பட்டியலில் இல்லையென்றால், அங்கேயே கையால் சேர்க்க ஒரு லிங்க் இருக்கும். அதை அழுத்தி, ஓடிக்கொண்டிருக்கும் புரோகிராம்களிலிருந்து கேமைத் தேர்ந்தெடுங்கள். மோட் போட்ட கேம், எமுலேட்டர், பழைய கேம் எல்லாம் பெரும்பாலும் இங்கேதான் விட்டுப்போகும்.

கேமுக்குள் வந்ததும் ஷிஃப்ட்டும் டேப் கீக்கு மேலே இருக்கும் ` கீயும் சேர்த்து அழுத்தினால் ஓவர்லே 'திறக்கும்'. அப்போதுதான் பெயர்ப் பட்டியலை மவுஸால் இழுத்து இடம் மாற்ற முடியும். பலர் இங்கே ஒரு விஷயத்தைக் கவனிப்பதில்லை. அந்தப் பெட்டியின் தலைப்பில் குண்டூசி போல ஒரு படம் இருக்கும். அதைக் குத்தவில்லையென்றால், ஓவர்லேயைத் திறக்கும்போது பட்டியல் தெரியும், மூடியதும் மறைந்துவிடும். "ஒரு செகண்ட் வந்துட்டு போயிடுது" என்று புகார் சொன்னால் முதலில் பார்க்க வேண்டியது இந்தக் குண்டூசிதான்.

எங்கே வைப்பது என்பது கேமைப் பொறுத்தது. மினிமேப் இருக்கும் மூலையை விட்டுவிடுங்கள். யார் யாரைக் கொன்றார் என்று காட்டும் கில் ஃபீட் பெரும்பாலும் வலது மேல் மூலையில் ஓடும், அதையும் விட்டுவிட்டால் இடது ஓரத்தின் நடுப்பகுதி மிஞ்சும். அங்கே வைப்பதுதான் சரி, கண் அதிகம் நகர வேண்டாம். ஓவர்லே செட்டிங்கில் 'பேசும்போது மட்டும் ஆட்களைக் காட்டு' என்பதைத் தேர்ந்தெடுங்கள், ஆட்களின் முகப்படத்தின் அளவைச் சிறிதாக வையுங்கள். ஆறு பேர் பெயரும் எப்போதும் தெரிந்தால், யார் பேசுகிறார் என்று அறிய பேசுகிறவர் முகப்படத்தைச் சுற்றி எரியும் பச்சை வளையத்தைத் தேட வேண்டியிருக்கும். பேசுகிறவர் பெயர் மட்டும் முளைத்தால் ஓரக்கண்ணுக்கே தெரிந்துவிடும்.

இதெல்லாம் செய்தும் வரவில்லையா? அப்படியானால் கேம் திரையை எப்படிப் பிடித்திருக்கிறது என்று பாருங்கள். பாதிப் பேருக்குச் சிக்கல் இங்கேதான். டிஸ்கார்டின் பழைய ஓவர்லே கேமின் உள்ளேயே தன் புரோகிராம் கோடிங்கை நுழைத்து, கேம் படம் வரையும்போது கூடவே தானும் வரைந்துவிடும். ஏமாற்றுவதற்கான ஹேக்குகளும் இதே வழியில்தான் உள்ளே நுழையும். அதனால் சில கேம்கள் வெளியிலிருந்து வரும் எதையும் உள்ளே விடாது. 2017-இல் பிசிக்கு வந்த டெஸ்டினி 2 இதற்குப் பெயர்போனது, அதில் டிஸ்கார்ட் ஓவர்லே வேலை செய்யாது என்று வெளியீட்டின்போதே சொல்லிவிட்டார்கள். 2025-இல் டிஸ்கார்ட் கொண்டுவந்த புது ஓவர்லே கேமுக்குள் நுழைவதில்லை. கேமின் மேல் கண்ணாடி மாதிரி ஒரு தனி விண்டோவை விரித்து அதில் காட்டுகிறது. ஹேக்கைப் பிடிக்கும் ஆன்டி-சீட் சாஃப்ட்வேரோடு மோதல் இல்லை. ஆனால் கேம் 'எக்ஸ்க்ளூசிவ் ஃபுல்ஸ்க்ரீன்' முறையில் ஓடினால் திரை முழுவதும் அந்தக் கேமுக்கே சொந்தம். வேறு எந்த விண்டோவையும் அதன் மேல் விரிக்க முடியாது. ஓவர்லே ஓடிக்கொண்டுதான் இருக்கும், உங்கள் கண்ணுக்குத்தான் படாது.

தீர்வு எளிது. கேமின் வீடியோ செட்டிங்கில் டிஸ்ப்ளே மோடை 'பார்டர்லெஸ்' அல்லது 'விண்டோடு ஃபுல்ஸ்க்ரீன்' என்று மாற்றுங்கள். கேமில் அந்த ஆப்ஷனே இல்லையென்றால், கேமின் இஎக்ஸ்இ ஃபைலை ரைட் கிளிக் செய்து, பிராப்பர்டீஸ், கம்பாட்டிபிலிட்டி போய் 'டிசேபிள் ஃபுல்ஸ்க்ரீன் ஆப்டிமைசேஷன்ஸ்' என்பதில் டிக் இருக்கிறதா பாருங்கள். எஃப்பிஎஸ் (நொடிக்கு எத்தனை படம் என்ற கணக்கு) கூடும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு அதை டிக் செய்து வைத்திருப்பவர்கள் நிறைய. அந்த டிக்கை எடுத்தால், ஃபுல்ஸ்க்ரீன் என்று பெயர் போட்ட பல கேம்களை விண்டோஸ் உள்ளுக்குள் பார்டர்லெஸ் மாதிரியே நடத்தும். பார்டர்லெஸ் என்றாலே லேக் என்ற பயம் பழைய காலத்துக் கதை. விண்டோஸ் 11-இல் சிஸ்டம், டிஸ்ப்ளே, கிராஃபிக்ஸ் பகுதியில் விண்டோவில் ஓடும் கேம்களுக்கான ஆப்டிமைசேஷன் ஒன்று இருக்கிறது. டைரக்ட்எக்ஸ் 10, 11 கேம்களுக்கு அதை ஆனில் வைத்தால் வித்தியாசம் பெரிதாகத் தெரியாது.

அடுத்த சந்தேகம் அட்மினிஸ்ட்ரேட்டர். கேமை 'ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' முறையில் திறந்து, டிஸ்கார்டைச் சாதாரணமாகத் திறந்திருந்தால், கீழே இருப்பவர் மேலே இருப்பவரைத் தொட விண்டோஸ் விடாது. இதற்கு ஒரு நல்ல அடையாளம் உண்டு: ஓவர்லே வராததோடு, கேமுக்குள் இருக்கும்போது புஷ்-டு-டாக் (அழுத்திப் பிடித்தால் மட்டும் மைக் திறக்கும்) கீயும் வேலை செய்யாது, ஆல்ட்+டேப் அடித்து வெளியே வந்தால் வேலை செய்யும். இரண்டும் சேர்ந்து நடந்தால் இதுதான் காரணம் என்று முடிவு செய்துகொள்ளலாம். கேமிலிருந்து அட்மின் டிக்கை எடுப்பது நல்லது. கேம் அட்மின் இல்லாமல் திறக்காது என்றால் டிஸ்கார்டையும் அட்மினாகத் திறங்கள்.

லேப்டாப்பில் எழுத்தையும் படத்தையும் பெரிதாக்கிக் காட்டும் விண்டோஸ் ஸ்கேலிங் 125 அல்லது 150 சதவீதத்தில் இருந்தால், பட்டியல் திரைக்கு வெளியே தள்ளப்பட்டிருக்கவும் வாய்ப்பு உண்டு. 100-க்கு மாற்றி, பட்டியலை இழுத்து நடுவில் வைத்துப் பாருங்கள். ரிவாட்யூனர் போல எஃப்பிஎஸ் காட்டும் சாஃப்ட்வேர்கள் பழைய ஓவர்லேயோடு முட்டிக்கொள்ளும், ஒவ்வொன்றாக நிறுத்திப் பார்த்தால் எது என்று பிடிபடும்.

ஓவர்லேயே வேண்டாம் என்று தோன்றினால் ஒரு குறுக்குவழி: வாய்ஸ் சேனலின் முழுத் திரையைத் திறந்து, வலது கீழ் மூலையில் 'பாப் அவுட்' கொடுங்கள். தனி விண்டோவாக வரும், அதன் மேலே 'ஸ்டே ஆன் டாப்' படம் இருக்கும். இரண்டாவது மானிட்டர் இருந்தால் அங்கே போட்டுவிடலாம், இல்லையென்றால் சின்னதாகச் சுருக்கி பார்டர்லெஸ் கேமின் மூலையில் நிறுத்தலாம். மேக்கில் டிஸ்கார்டின் சொந்த ஓவர்லே கிடையாது, அங்கேயும் இது கைகொடுக்கும். லினக்ஸிலும் சொந்த ஓவர்லே இல்லை, அங்கே 'டிஸ்கவர்' என்ற ஓபன் சோர்ஸ் ஓவர்லேயைப் பலர் பயன்படுத்துகிறார்கள்.

ஸ்ட்ரீம் செய்கிறவர்களுக்கு வேறு கணக்கு. உங்களுக்குத் தெரிவது பார்வையாளருக்குத் தெரிய வேண்டும் என்பதில்லை. ஸ்ட்ரீம் செய்யப் பயன்படும் ஓபிஎஸ் சாஃப்ட்வேரின் கேம் கேப்சர் கேமின் படத்தை மட்டும் எடுக்கும், மேலே விரிந்திருக்கும் தனி விண்டோவை எடுக்காது. அதற்கு டிஸ்கார்டின் ஸ்ட்ரீம்கிட் இருக்கிறது. அந்தப் பக்கத்தில் ஓபிஎஸ்ஸைத் தேர்ந்தெடுத்தால் டிஸ்கார்ட் ஆப்பில் ஒரு அனுமதிப் பெட்டி வரும், 'ஆத்தரைஸ்' கொடுங்கள். 'வாய்ஸ் விட்ஜெட்' பகுதியில் சர்வரையும் சேனலையும் தேர்ந்தெடுத்தால் ஒரு லிங்க் கிடைக்கும். அதை ஓபிஎஸ்ஸில் 'பிரவுசர் சோர்ஸ்' ஆகச் சேர்த்துவிட்டால் வேலை முடிந்தது, பின்னணி தானாகவே வெளிப்படையாக இருக்கும். அந்த லிங்க்கில் சேனலின் எண்ணும் சேர்ந்தே இருக்கும். நடுவில் வேறு சேனலுக்கு மாறினால் விட்ஜெட் பழைய சேனலையே பார்த்துக்கொண்டு வெறுமையாக நிற்கும். சேனல் மாற்றும் பழக்கம் இருந்தால் ஒவ்வொன்றுக்கும் ஒரு சோர்ஸ் செய்து வைத்துக்கொள்ளுங்கள். ஓபிஎஸ் ஓடும் அதே கணினியில் டிஸ்கார்ட் ஆப்பும் ஓட வேண்டும்.

இனி, திரையில் பட்டியல் வந்துவிட்டது, ஆனாலும் யார் பேசுகிறார் என்று குழப்பம் என்றால்? பச்சை வளையம் உண்மையில் காட்டுவது யாருடைய மைக் திறந்திருக்கிறது என்பதை மட்டும்தான். சீலிங் ஃபேன், மெக்கானிக்கல் கீபோர்டு, பக்கத்து அறை டிவி என எது மைக்கில் விழுந்தாலும் வளையம் எரியும். எப்போதும் எரிந்துகொண்டே இருக்கும் ஒருவர் போதும், மற்ற ஐவரின் வளையமும் அர்த்தமில்லாமல் போக.

அவர் 'வாய்ஸ் அண்ட் வீடியோ' செட்டிங்கில் எவ்வளவு சத்தத்துக்கு மைக் திறக்க வேண்டும் என்ற சென்சிடிவிட்டியைத் தானாகப் பார்த்துக்கொள்ளும் ஆப்ஷனை அணைத்துவிட்டு, பட்டையைக் கையால் வைக்கட்டும். வாயை மூடிக்கொண்டு, ஃபேன் ஓட, கீபோர்டைத் தட்டச் சொல்லுங்கள். அந்தச் சத்தம் பட்டையில் எதுவரை ஏறுகிறதோ அதற்குக் கொஞ்சம் மேலே கோட்டை வைத்தால் போதும். சத்தம் மைனஸ் 55 டெசிபலைத் தொட்டால் கோடு மைனஸ் 50 அளவில் இருக்கலாம். அதிகமாக ஏற்றினால் மெதுவாகப் பேசும்போது முதல் எழுத்து விழுந்துவிடும், "லெஃப்ட்" என்று சொன்னால் "ஃப்ட்" மட்டும் கேட்கும். டிஸ்கார்டிலேயே இருக்கும், பின்னணிச் சத்தத்தை நீக்கும் கிரிஸ்ப் நாய்ஸ் சப்ரஷனை ஆனில் வைத்தால் ஃபேன் சத்தம் பெருமளவு போய்விடும். புஷ்-டு-டாக் பயன்படுத்துகிறவர்கள் 'ரிலீஸ் டிலே'யை 200 மில்லிசெகண்ட் அளவுக்கு ஏற்றிக்கொள்ளலாம், இல்லையென்றால் கடைசி வார்த்தை அறுபடும்.

ஒரு அறிகுறி மட்டும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள். நீங்கள் பேசும்போதெல்லாம் அரை நொடி தள்ளி இன்னொருவர் வளையம் எரிந்தால், அவர் ஹெட்செட் போடாமல் ஸ்பீக்கரில் கேட்கிறார். உங்கள் குரல் அவர் ஸ்பீக்கரிலிருந்து அவர் மைக்கில் நுழைந்து திரும்பி வருகிறது. "யாருப்பா எக்கோ அடிக்குது" என்று ஆறு பேரும் ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டிருக்க வேண்டியதில்லை, ஒரு வார்த்தை பேசிவிட்டுப் பட்டியலைப் பாருங்கள், யார் என்று அதுவே காட்டிவிடும். எக்கோ ஆளுக்கு இயர்போன் கிடைக்கும்வரை, அவர் பெயரை ரைட் கிளிக் செய்து அங்கே வரும் யூசர் வால்யூமைக் குறைத்துக்கொள்ளலாம். அது உங்கள் காதுக்கு மட்டும்தான், மற்றவர்களுக்கு மாறாது.

பெயரையும் சரிசெய்யுங்கள். ஓவர்லே காட்டுவது அந்தச் சர்வரில் வைத்திருக்கும் நிக்நேமை. கேமில் ஒரு பெயர், டிஸ்கார்டில் இன்னொரு பெயர், ஆறு பேருக்கும் அனிமே முகம் என்றால் எந்த ஓவர்லேயும் உதவாது. சர்வர் நிக்நேமைக் கேமில் இருக்கும் பெயராகவே, முதல் ஐந்தாறு எழுத்திலேயே ஆளை அடையாளம் காணும்படி வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். முன்னால் கிளான் (குழு) பெயரைப் போட்டால் எல்லார் பெயரும் ஒரே மாதிரி தொடங்கும், சின்ன எழுத்தில் பிரித்துப் படிக்க முடியாது.

டீமில் யாராவது ஃபோனில் ஆடினால்: ஆண்ட்ராய்டில் டிஸ்கார்டின் வாய்ஸ் செட்டிங்கில் மொபைல் ஓவர்லே ஆப்ஷன் உண்டு. ஆன் செய்ததும் மற்ற ஆப்களின் மேல் தெரிய அனுமதி கேட்கும். ஷாவ்மி ஃபோன்களில் அதோடு நிற்காது, பின்னணியில் இருக்கும்போதும் பாப்-அப் காட்டும் அனுமதியைத் தனியாகக் கொடுக்க வேண்டும். பேட்டரி செட்டிங்கில் டிஸ்கார்டுக்கு 'நோ ரெஸ்ட்ரிக்ஷன்ஸ்' வையுங்கள், இல்லையென்றால் மேட்ச் நடுவில் ஃபோன் ஆப்பைக் கொன்றுவிடும், திரையில் மிதக்கும் ஓவர்லே பபிளும் போய்விடும், வாய்ஸும் போய்விடும். ஐஃபோனில் மற்ற ஆப்பின் மேல் இப்படி வரைய ஆப்பிள் விடுவதில்லை. அந்த ஆள் இருக்கும் டீமில், கேமுக்குள் இருக்கும் வாய்ஸ் சேட்டுக்கே எல்லாரும் மாறிக்கொள்வதுதான் வழி.