இடத் தகராறில் போலீஸ் எதுவரை தலையிடலாம்?

வரப்புத் தகராறில் பங்காளி மனு கொடுத்திருக்கிறார், அம்மாவைப் பத்திரத்தோடு வரச்சொல்லி ஸ்டேஷனிலிருந்து போன் வந்தது, போகலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். போங்கள். போகாவிட்டால் எதிர்த்தரப்பு சொல்வது மட்டும்தான் அங்கே நிற்கும். ஆனால் அம்மாவைத் தனியாக அனுப்பாதீர்கள். ஜெராக்ஸ் போதும், மூலப்பத்திரம் வீட்டிலேயே இருக்கட்டும். "வயலில் இறங்க மாட்டேன்", "பாதை விடுகிறேன்" என்று எழுதிய எதிலும் கையெழுத்துப் போட வேண்டாம்.

இடம் யாருடையது, யாருக்கு எத்தனை பங்கு என்று முடிவு செய்ய இன்ஸ்பெக்டருக்கும் அதிகாரம் இல்லை, டி.எஸ்.பி.க்கும் இல்லை. அது சிவில் கோர்ட் வேலை.

மேலூர் பக்கம் என் அத்தைக்கு நடந்ததைச் சொல்கிறேன். மாமா இறந்தபின், பெரியாறு கால்வாய்ப் பாசனத்தில் இருக்கும் வயலை அத்தையே ஆள் வைத்து நட்டு வந்தார். வரப்பை வெட்டிவிட்டதாகக் கொழுந்தனார் மகன் மனு கொடுத்தார். ஸ்டேஷனில் சாயங்காலம் வரை உட்கார வைத்து, பிரச்சினை முடியும்வரை வயலில் இறங்க மாட்டேன் என்று எழுதி வாங்கிவிட்டார்கள். கால்வாயில் தண்ணீர் வந்தும் அந்தப் போகம் வயல் தரிசாகவே கிடந்தது. அந்தத் தாளால் அவர் உரிமை ஒரு சென்ட்கூடக் குறையாது என்று பிறகு வக்கீல் சொல்லித்தான் எங்களுக்குத் தெரிந்தது. அத்தையோ அதைக் கோர்ட் தீர்ப்பாகவே நம்பியிருந்தார். எழுதப் படிக்கத் தெரியாத ஒரு பெண்ணின் பயத்தை வைத்து ஒரு போக விளைச்சலைப் பறித்தது எனக்கு இன்றும் ஆறவில்லை.

அதற்காக எல்லாவற்றுக்கும் "சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போ" என்று போலீஸ் கைகழுவவும் முடியாது. போலிப் பத்திரம், ஆள்மாறாட்டம், அரிவாளோடு வந்து மிரட்டுவது, ஆள் கூட்டி வந்து வீட்டை இடிப்பது எல்லாம் குற்றம். புகாரிலேயே பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும் என்று லலிதா குமாரி வழக்கில் 2013-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஸ்டேஷனில் மறுத்தால் எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பலாம், அதற்கும் அசையவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். நில மோசடிக்கென்று தனிப்பிரிவே 2011-லிருந்து இருக்கிறது.

அடிதடி ஆகும் நிலை என்றால் போலீஸ் ஆர்.டி.ஓ.வுக்கு, அதாவது வருவாய்க் கோட்டாட்சியருக்கு, அறிக்கை அனுப்பலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 145-வது பிரிவு என்பார்களே, 2024 ஜூலை முதல் அது புதிய சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ஸில் 164-வது பிரிவு. அங்கேயும் சொந்தக்காரர் யார் என்று பார்க்க மாட்டார்கள், அனுபவத்தில் இருப்பது யார் என்றுதான் பார்ப்பார்கள். அறிக்கை போவதற்கு முந்தைய 2 மாதத்துக்குள் உங்களை அடித்து விரட்டியிருந்தால், நீங்களே அனுபவத்தில் இருப்பதாக ஆர்.டி.ஓ. எடுத்துக்கொள்ளலாம். அதனால் தள்ளிப்போடாதீர்கள். விரட்டப்பட்டவர் இடத்தைத் திரும்பக் கேட்டு 6 மாதத்துக்குள் சிவில் கோர்ட்டிலும் வழக்குப் போடலாம், அதில் பட்டா யார் பெயரில் என்ற கேள்வியே வராது.

உங்களுடையது வரப்புப் பிரச்சினை என்பதால் முதலில் நில அளவைக்கு மனுப் போட்டு, பணம் கட்டி, அரசு சர்வேயரை வைத்து அளந்துவிடுங்கள். கல் நட்டபின் பாதித் தகராறு பேச்சிலேயே அடங்குவதைப் பார்த்திருக்கிறேன். அடங்கவில்லையா, தடை உத்தரவு கேட்டு முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போடுங்கள். உத்தரவு கையில் இருந்தால் அதே போலீஸை உங்களுக்குப் பாதுகாப்புக்கு வரச்செய்ய கோர்ட்டிலேயே கேட்கலாம்.

ஸ்டேஷனுக்குப் போகும்போது, "இது சிவில் பிரச்சினை, கோர்ட்டில் பார்த்துக்கொள்கிறோம்" என்று ஒரு பதில் எழுதிக் கொடுத்து, நகலில் சீல் வாங்கிக்கொள்ளுங்கள். மனு ரசீது நம்பரையும் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். திரும்பத் திரும்பக் கூப்பிட்டுத் தொந்தரவு செய்தால் மதுரை ஒத்தக்கடைக்குப் பக்கத்திலேயே ஹைகோர்ட் கிளை இருக்கிறது, விசாரணை என்ற பெயரில் துன்புறுத்தக்கூடாது என்று அங்கே உத்தரவு கேட்கலாம். அப்படியும் மிரட்டிக் கையெழுத்து வாங்கிவிட்டார்கள் என்றால், எந்தச் சூழ்நிலையில் வாங்கினார்கள் என்பதை அன்றைக்கே எழுதி, கிராமம் என்றால் எஸ்.பி.க்கும் மாநகருக்குள் என்றால் கமிஷனருக்கும் பதிவுத் தபாலில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.